தக்கார் நியமனத்துக்கு முன்னால் நடக்க வேண்டியவை

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

இந்து சமய அறநிலையத் துறையின் உத்தரவால் அறங்காவலர் நீக்கப்பட்டார், அவர் இடத்தில் நிர்வாகத்தைக் கவனிக்கத் துறை நியமித்த தக்கார் பொறுப்பேற்றார் என்ற செய்தி மாதத்துக்கு ஒன்றாவது கண்ணில் படுகிறது. அதே கோயிலோ சத்திரமோ நான்கைந்து ஆண்டு கழித்து இன்னொரு செய்தியில் வரும். உத்தரவை உயர் நீதிமன்றம் ரத்து செய்தது, புதிதாக விசாரிக்கச் சொல்லித் திருப்பி அனுப்பியது என்பார்கள். முதல் செய்தியைப் படிப்பவர் துறை நல்ல காரியம் செய்தது என்று நினைப்பார். இரண்டாவதைப் படிப்பவர் தவறு செய்தவரை நீதிமன்றம் காப்பாற்றிவிட்டது என்று நினைப்பார். இடையில் என்ன நடந்தது, அந்த உத்தரவு ஏன் நிற்கவில்லை என்பது இரண்டிலும் இருக்காது. அதை எழுதவே இக்கடிதம்.

மேற்பார்வையே வேண்டாம் என்பது என் வாதமில்லை. குத்தகை நெல்லை அளந்து வாங்கிக்கொண்டு கணக்கில் ஏற்றாதவர்கள் இருக்கிறார்கள். சத்திரத்து மனையை உறவினருக்கு அற்ப வாடகைக்கு விட்டவர்களும், நகைப் பட்டியலைக் கேட்டால் பெட்டிச் சாவி கிடைக்கவில்லை என்பவர்களும் இருக்கிறார்கள். அவர்களை வெளியேற்றச் சட்டத்தில் வழி உண்டு. அந்த வழியில் போய் வெளியேற்றினால் அவர்கள் திரும்பி வர மாட்டார்கள். குறுக்கு வழியில் வெளியேற்றப்பட்டவர் நீதிமன்ற ஆணையோடு திரும்பி வருகிறார். அதற்குள் பழைய ரசீதுப் புத்தகங்கள் காணாமல் போயிருக்கும், சாட்சிகள் சிலர் இறந்திருப்பார்கள். நஷ்டம் தர்மத்துக்குத்தான்.

முதல் கேள்வி, அந்த அமைப்பு துறையின் அதிகாரத்துக்குள் வருகிறதா என்பது. 1959-ஆம் ஆண்டு தமிழ்நாடு இந்து சமய மற்றும் அறநிலையக் கொடைகள் சட்டம், பெயரில் 'அறநிலையம்' என்று இருப்பதாலேயே எல்லா அறக்கட்டளைகளையும் துறைத் தலைவரான ஆணையரின் கையில் கொடுத்துவிடவில்லை. பிரிவு 6 மூன்று வகைகளைத் தனித்தனியே வரையறுக்கிறது. கோயிலிலோ மடத்திலோ குறிப்பிட்ட ஒரு சேவையை நடத்துவதற்காக எழுதிவைத்த சொத்து, நாம் கட்டளை என்று சொல்வது, ஒரு வகை. கோயிலோடு தொடர்பு இருந்தாலும் இல்லாவிட்டாலும் இந்துப் பண்டிகையையோ சமய அனுஷ்டானத்தையோ ஒட்டி நடக்கும் பொதுத் தர்மம், அதாவது சமய அறம், இரண்டாவது வகை. சத்திரம், பாடசாலை, பள்ளி, மருத்துவ உதவி, ஏழைகளுக்குச் சாப்பாடு போன்ற பொதுப் பயனுக்கான தர்மக் கொடை மூன்றாவது. முதல் இரண்டும் துறையின் வரம்புக்குள் நேரடியாக வருகின்றன. மூன்றாவது அப்படி வருவதில்லை. அதன் நிர்வாகம் சீர்கெட்டிருப்பதாக அரசு கருதினால் பிரிவு 3-இன்படி ஆணையரை விசாரித்து அறிக்கை தரச் சொல்லலாம். அறிக்கையைப் பார்த்தபின் சட்டத்தை அதற்கும் விரிவாக்கப் போவதாகக் காரணங்களோடு அறிவிப்பு வெளியிட வேண்டும். சம்பந்தப்பட்டவர்களுக்கு ஆட்சேபம் சொல்ல அவகாசம் தந்து, வந்த ஆட்சேபங்களைப் பரிசீலித்த பிறகே அரசு ஆணை வர முடியும். இந்தப் படிகளைத் தாண்டிவிட்டு உதவி ஆணையர் ஒரு கடிதத்தின் மூலம் கல்வி அறக்கட்டளைக்குத் தக்கார் நியமிக்க இயலாது.

நடைமுறையில் சிக்கல் வருவது கலப்பு சாசனங்களில். 'தைப்பூசத்தன்று வரும் பக்தர்களுக்கு அன்னதானம் செய்யவும், மீதி வருமானத்தில் ஏழைப் பிள்ளைகளைப் படிக்கவைக்கவும்' என்று ஒரு தர்ம சாசனம் சொல்வதாக வைத்துக்கொள்வோம். முன்பாதி சமய அறம், பின்பாதி அப்படி இல்லை. இதற்கும் சட்டத்தில் விடை இருக்கிறது. எது சமயம் சார்ந்தது, எது சாராதது, சொத்தில் எந்தப் பங்கு சமயக் காரியத்துக்கு என்பதைப் பிரிவு 63-இன் கீழ் இணை ஆணையர் அல்லது துணை ஆணையர் விசாரித்துத் தீர்மானிக்க வேண்டும். ஒருவர் பரம்பரை அறங்காவலரா என்பதும், ஓர் அமைப்பு சமய நிறுவனம்தானா என்பதும் அதே பிரிவில் வருகின்றன. இந்தத் தீர்மானம் முதலில், நிர்வாகத்தில் கைவைப்பது பிறகு. பல கோப்புகளில் வரிசை தலைகீழாக இருக்கிறது. தக்கார் முதலில் வந்து உட்கார்கிறார். 'ஆட்சேபம் இருந்தால் 63-இல் மனு போட்டுக்கொள்ளுங்கள்' என்று அறங்காவலருக்குச் சொல்கிறார்கள். நிரூபிக்கும் சுமை இப்படி ஓசையில்லாமல் கை மாறிவிடுகிறது.

ஒருமுறை கணக்கைத் துறையின் தணிக்கைக்குக் காட்டினார்கள், ஒருமுறை துறைக்கான பங்குத்தொகை கட்டினார்கள் என்பதைக் காட்டி அதிகாரம் கோருவதும் வழக்கம். அது சான்றாகலாம், அதிகாரம் ஆகாது. வரம்பில்லாத இடத்தில் இரு தரப்பும் சம்மதித்தாலும் அதிகாரம் பிறக்காது என்பதை உச்ச நீதிமன்றம் 1954-இல் கிரண் சிங் வழக்கிலேயே சொல்லிவிட்டது.

சமயத் தொடர்பே இல்லாத பொது அறக்கட்டளைக்கு வழி வேறு. மகாராஷ்டிரத்தில் 1950-ஆம் ஆண்டுச் சட்டத்தின் கீழ் அறக்கட்டளை ஆணையர் இருக்கிறார். தமிழ்நாட்டில் எல்லாப் பொது அறக்கட்டளைகளுக்குமான அப்படியொரு சட்டம் கிடையாது. இங்கே அறங்காவலரை நீக்க, கணக்குக் கேட்க, நிர்வாகத் திட்டம் வகுக்க உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 92-ஆம் பிரிவுதான் வழி. அக்கறையுள்ள இருவரோ அதற்கு மேற்பட்டவர்களோ நீதிமன்ற அனுமதி பெற்று வழக்குப் போடலாம், அரசு தலைமை வழக்கறிஞரும் போடலாம். இதை விட்டுவிட்டு மாவட்ட ஆட்சியருக்கும் கோட்டாட்சியருக்கும் சார்பதிவாளருக்கும் மனுக்கொடுத்துக் காலம் கழிக்கிறார்கள். இவர்களில் யாருக்கும் அறங்காவலரை நீக்கும் அதிகாரம் இல்லை. சங்கமாகப் பதிவான அமைப்புகளிலும் இதே குழப்பம். 1975-ஆம் ஆண்டு சங்கங்கள் பதிவுச் சட்டத்தின் 36-ஆம் பிரிவில் மாவட்டப் பதிவாளர் விசாரணை நடத்தலாம். ஆனால் இரண்டு கோஷ்டிகள் நிர்வாகிகள் மாற்றத்தைத் தெரிவிக்கும் ஏழாம் எண் படிவத்தை ஆளுக்கொன்றாகக் கொடுத்தால், எந்தத் தேர்தல் செல்லும் என்று தீர்ப்புச் சொல்வது அவர் வேலையில்லை. அது உரிமையியல் நீதிமன்றத்தின் வேலை என்று சென்னை உயர் நீதிமன்றம் பலமுறை சொல்லியிருக்கிறது.

அதிகாரம் இருக்கிறது என்றே கொள்வோம். அதைப் பயன்படுத்தும் முறைதான் பெரும்பாலான உத்தரவுகளைக் கவிழ்க்கிறது.

அறங்காவலரைத் தற்காலிகமாகவோ நிரந்தரமாகவோ நீக்கும் பிரிவு 53-ஐ எடுத்துக்கொள்ளுங்கள். வரவு செலவுத் திட்டமும் கணக்கும் தாக்கல் செய்யத் தொடர்ந்து தவறுவது ஒரு காரணம். 'தொடர்ந்து' என்ற சொல் அங்கே சும்மா இல்லை, ஒரு பசலிக் (ஜூலை முதல் ஜூன் வரையிலான ஆண்டு) கணக்கு மூன்று மாதம் தாமதமானது அதில் அடங்காது. சட்டப்படியான உத்தரவுகளை வேண்டுமென்றே மீறுவது, நம்பிக்கைத் துரோகம், சொத்தைக் கையாடுவது ஆகியவையும் காரணங்களாகச் சொல்லப்பட்டிருக்கின்றன. இவற்றில் எதை வைத்து நடவடிக்கை எடுத்தாலும் முதலில் குற்றச்சாட்டு வனைய வேண்டும், அதாவது எழுத்தில் திட்டவட்டமாக வகுக்க வேண்டும். அதற்குப் பதில் சொல்லவும், எதிரான சாட்சியத்தைச் சோதித்துப் பார்க்கவும், தன் தரப்புச் சாட்சியத்தை வைக்கவும் வாய்ப்புத் தர வேண்டும். இறுதி உத்தரவில் ஒவ்வொரு குற்றச்சாட்டு, அதற்கு அவர் தந்த விளக்கம், அதன் மீதான முடிவு, முடிவுக்கான காரணம் ஆகிய நான்கும் இருக்க வேண்டும். இவை நீதிமன்றங்கள் பின்னால் சேர்த்தவை என்று நினைக்க வேண்டாம், சட்டமன்றம் இயற்றிய பிரிவிலேயே இருப்பவை.

ஆனால் அனுப்பப்படும் அறிவிப்புகளைப் பாருங்கள். 'தங்கள் நிர்வாகத்தில் பல முறைகேடுகள் நடந்துள்ளதாகப் புகார்கள் வரப்பெற்றுள்ளன. தங்களை ஏன் நீக்கக் கூடாது என்பதற்கு இக்கடிதம் கண்ட 15 தினங்களுக்குள் விளக்கம் அளிக்கவும்.' இதற்கு யார் என்ன பதில் சொல்ல முடியும்? 'புகார்கள் பொய்யானவை' என்று ஒரு வரி எழுதலாம். அந்த ஒரு வரியை எடுத்துக்கொண்டு 'விளக்கம் திருப்திகரமாக இல்லை' என்று இன்னொரு வரியில் நீக்கிவிடுகிறார்கள்.

ஒழுங்கான குற்றச்சாட்டு இப்படி இருக்கும்: 'பசலி 1430-இல் இன்ன சர்வே எண்ணுள்ள நஞ்சையின் குத்தகைதாரர் இன்ன தேதியிட்ட ரசீதின்படி இவ்வளவு ரூபாய் செலுத்தியுள்ளார். அத்தொகை அந்தப் பசலியின் ரொக்கப் புத்தகத்தில் வரவு வைக்கப்படவில்லை. ஆதாரம்: தணிக்கை அறிக்கையின் இத்தனையாவது தடை, குத்தகைதாரரின் வாக்குமூலம், ரசீதின் அடிக்கட்டை. நகல்கள் இணைக்கப்பட்டுள்ளன.' எந்த ஆண்டு, எந்தச் சொத்து, எவ்வளவு தொகை, எந்த ஆவணம் என்பதெல்லாம் வந்துவிட்டால் உண்மையில் கையாடியவருக்குத் தப்ப இடமில்லை. பொத்தாம் பொதுவான அறிவிப்பில்தான் அவர் ஒளிந்துகொள்ள முடியும்.

நகல் தராதது அடுத்த பெருங்குறை. துறையின் ஆய்வாளர் ஊருக்கு வந்து விசாரித்துப் போகிறார், அவர் அறிக்கைதான் எல்லாவற்றுக்கும் அடிப்படை, ஆனால் அது சம்பந்தப்பட்டவர் கைக்கு வருவதில்லை. கேட்டால் தகவல் உரிமைச் சட்டத்தில் மனு போடச் சொல்கிறார்கள். அந்தச் சட்டத்தில் பதில் தர 30 நாள் உண்டு, அறிவிப்பில் தந்த கெடுவோ 15 நாள். கூட்டிக் கழித்துப் பார்த்தால் வாய்ப்புத் தந்ததாகப் பதிவாகிறது, வாய்ப்பு இருந்ததில்லை. அறிக்கையில் சாட்சி சொன்னவர்களைக் குறுக்கு விசாரணைக்கு அழைக்கவில்லை என்றால் 'சாட்சியத்தைச் சோதிக்கும்' உரிமையும் போயிற்று.

தற்காலிக நீக்கத்துக்கும் வரம்பு உண்டு. வனைந்த குற்றச்சாட்டுகள் முடிவாகும்வரை என்றுதான் பிரிவு 53-இன் நான்காம் உட்பிரிவு சொல்கிறது. குற்றச்சாட்டே வனையாமல் தற்காலிக நீக்கம் செய்து, தக்காரை உட்காரவைத்து, பிறகு சாவகாசமாகக் குற்றச்சாட்டு தேடுவது அந்தச் சொற்களோடு பொருந்தாது. நகையோ உண்டியலோ பறிபோகும் அவசரம் என்றால், இரு தரப்பு முன்னிலையில் பெட்டகத்துக்கு முத்திரை வைத்துப் பட்டியல் எடுக்கலாம், வங்கியில் கணக்கு விவரம் கேட்கலாம், அன்றைக்கே திட்டவட்டமான குற்றச்சாட்டு ஒன்றையாவது வனைந்து கொடுக்கலாம். அதற்கு ஒரு நாள் போதும்.

மேலே சொன்ன 63, நிர்வாகத் திட்டம் வகுக்கும் 64 ஆகிய பிரிவுகளின் விசாரணைக்கு இன்னும் கண்டிப்பான அளவுகோல். பிரிவு 110-இன்படி அவை, கூடுமானவரை, உரிமையியல் வழக்கு விசாரணை போலவே நடக்க வேண்டும். சாட்சியச் சட்டமும் பொருந்தும். மனு, எதிருரை, ஆவணங்களுக்குக் குறியீடு, முதல் விசாரணை, குறுக்கு விசாரணை, வாதம் என்று வரிசையாகப் போக வேண்டும். ஒரு குடும்பத்தின் நூறாண்டு உரிமையை, அல்லது ஒரு கோயிலின் மொத்தச் சொத்தை முடிவு செய்கிற விசாரணை அது. நான்கு வாய்தா போட்டு, இரு தரப்பிடமும் எழுத்து வாதம் வாங்கிக்கொண்டு முடித்துவிடக் கூடியதில்லை.

விசாரித்தவரே உத்தரவிட வேண்டும் என்பதும் அடிக்கடி மீறப்படுகிறது. ஒருவர் கேட்பதும் இன்னொருவர் தீர்ப்பதும் விசாரணையைக் கேலிக்கூத்தாக்கும் என்பது 1958-இல் குல்லப்பள்ளி நாகேஸ்வர ராவ் வழக்கில் உச்ச நீதிமன்றம் காட்டிய நெறி. இணை ஆணையர்கள் மாற்றலாகிப் போவது சகஜம். முந்தையவர் பதிவு செய்த சாட்சியத்தைப் புதியவர் பயன்படுத்தலாம், உரிமையியல் நடைமுறையில் அதற்கு இடமுண்டு. ஆனால் வாதத்தை அவர் மீண்டும் கேட்டாக வேண்டும். உத்தரவுக்கு ஒத்திவைத்த கோப்பை மேசையில் விட்டுப் போனவருக்குப் பதிலாக வந்தவர், யாரையும் கூப்பிடாமல் கையெழுத்திட்டால் அது முதல் கேள்வியிலேயே விழும்.

இதைவிட ஆழமான சங்கடம் ஒன்று அமைப்பிலேயே இருக்கிறது. இணை ஆணையர்தான், கோயில் நிர்வாகத்துக்குத் துறை நியமிக்கும் செயல் அலுவலரின் மேலதிகாரி. பரம்பரை அறங்காவலர் உரிமை கேட்டுப் போடும் மனுவில் அதே செயல் அலுவலர் எதிர்மனுதாரர். ஆய்வாளரின் அறிக்கையைப் பார்த்து நடவடிக்கை தொடங்கச் சொன்னவரும், அதே விவகாரத்தில் நீதி சொல்ல உட்காருபவரும் ஒருவராகவே இருக்கக்கூடும். சட்டம் அவருக்குக் கொடுத்த பொறுப்பு என்பதால் அதை மட்டும் காட்டி விலகச் சொல்ல முடியாது. ஆனால் அந்தக் கோப்பில் தன் கருத்தை முன்பே எழுதிவிட்டவர் விசாரிக்காமல், வேறு மண்டல அலுவலருக்கு மாற்றலாம். விளக்கம் கேட்கும் அறிவிப்பே தீர்ப்பைப் போல எழுதப்பட்டிருந்தால், அதன்பின் நடக்கும் விசாரணை வெறும் சடங்கு என்பதை உச்ச நீதிமன்றம் 2010-இல் ஓரிக்ஸ் ஃபிஷரீஸ் வழக்கில் சுட்டிக்காட்டியது. 'முறைகேடு செய்தது உறுதியாகிவிட்டதால் ஏன் நீக்கக் கூடாது' என்று தொடங்கும் அறிவிப்புகள் இன்றும் வருகின்றன.

முதல் விசாரணையிலேயே இவ்வளவு கறார் ஏன் என்று கேட்கலாம். மேலே போகும் வழி அவ்வளவு குறுகல். பிரிவு 63, 64 உத்தரவுகளுக்கு எதிராகப் பிரிவு 69-இன் கீழ் ஆணையரிடம் மேல்முறையீடு செய்ய 60 நாள். ஆணையர் நீதிமன்றம் ஆகமாட்டார், ஆகவே காலவரம்புச் சட்டத்தின் 5-ஆம் பிரிவைக் காட்டி அவரிடம் தாமதத்துக்கு மன்னிப்புக் கோர முடியாது என்று 2019-இல் கணேசன் வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்துவிட்டது. ஆணையர் தாமாகவே எடுத்து விசாரிக்கும் அதிகாரம் தனி, அது கேட்டுப் பெறும் உரிமை ஆகாது. ஆணையரின் உத்தரவுக்கு எதிராக நீதிமன்றத்தில் வழக்குப் போடப் பிரிவு 70-இன்படி 90 நாள். அந்த வழக்கு முடியும்வரை ஆணையரின் உத்தரவுக்குத் தடை விதிக்கும் அதிகாரம் அந்த நீதிமன்றத்துக்கு இல்லை என்று அதே பிரிவு சொல்கிறது. இத்தனைக்கும் மேல் பிரிவு 108 வேறு வழக்குகளுக்குக் கதவை அடைக்கிறது. ஆக, கீழ்நிலையில் நடந்த பிழை வருடக்கணக்கில் அமலில் இருக்கும்.

அதனால்தான் உத்தரவு கையில் கிடைத்த தேதிக்கு உயிர்நாடியான முக்கியத்துவம். உத்தரவில் ஒரு தேதி, அனுப்பிய உறையில் ஒன்றரை மாதம் கழித்து ஒரு தேதி என்று வருவதை வழக்கு நடத்துகிற எவரும் அறிவர். உறையையும் ஒப்புகை அட்டையையும் பத்திரமாக வைத்திருங்கள் என்பதே கட்சிக்காரர்களுக்குச் சொல்லும் முதல் அறிவுரை. உத்தரவில் காரணம் இல்லாவிட்டால் பின்னால் உயர் நீதிமன்றத்தில் எதிருரை போட்டு நிரப்பவும் முடியாது. உத்தரவில் சொன்ன காரணங்களை வைத்தே அது நிற்க வேண்டும் என்று 1977-இல் மொகிந்தர் சிங் கில் வழக்கு முடிவு கட்டிவிட்டது. இயற்கை நீதி மீறலோ வரம்பு மீறலோ வெளிப்படையாக இருந்தால், மாற்று வழி இருந்தாலும் உயர் நீதிமன்றம் ரிட் மனுவை ஏற்கலாம். அப்படித்தான் இத்தனை உத்தரவுகள் நேரே அங்கே போய் ரத்தாகின்றன.

கையகப்படுத்திய பிறகு எத்தனை காலம்? நிர்வாகத்தைச் சட்டம் முறைப்படுத்தலாம், சமயப் பிரிவினரிடமிருந்து நிர்வாக உரிமையையே முற்றாகப் பறிக்கக் கூடாது என்பது 1954-இல் ஷிரூர் மடம் வழக்கிலிருந்து வரும் நெறி. சிதம்பரம் சபாநாயகர் கோயில் வழக்கில் 2014 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் அதைக் கூர்மைப்படுத்தியது. சீர்கேட்டைச் சரிசெய்வதற்காக எடுத்துக்கொண்டால், சரிசெய்ததும் திருப்பித் தர வேண்டும், காலவரையின்றி வைத்திருக்கக் கூடாது என்றது. அதன்பின் 2015-இல் வந்த செயல் அலுவலர் நியமன நிபந்தனை விதிகள் காலவரம்பு விதித்தன. ஆனால் தக்கார் நியமன ஆணைகளில் 'மறு உத்தரவு வரும்வரை' என்ற சொற்றொடர் இன்னும் போகவில்லை. இடைக்காலத்துக்கென்று வந்தவர் பத்தாண்டு இருந்துவிட்டால், நீக்கப்பட்ட அறங்காவலர் குற்றவாளியா இல்லையா என்ற கேள்வியை யாரும் முடிக்கவே வேண்டியதில்லை என்றாகிவிடுகிறது.

அறங்காவலர்கள் தரப்பிலும் சொல்ல வேண்டியது நிறைய. அறிவிப்பு வரும் என்று தெரிந்தால் வீட்டைப் பூட்டிக்கொண்டு போவது, வாய்தா மேல் வாய்தா வாங்குவது, மூல சாசனத்தைக் காட்டாமல் நகலின் நகலைக் கொடுப்பது, கணக்குப் புத்தகத்தைக் கரையான் அரித்தது என்பது எல்லாம் செய்துவிட்டு, எனக்கு வாய்ப்பே தரவில்லை என்று நீதிமன்றம் போகிறார்கள். எல்லாக் குறைகளும் உத்தரவைக் கவிழ்க்காது. நடைமுறைக் குறையால் உண்மையில் பாதிப்பு ஏற்பட்டதா என்று பார்க்க வேண்டும் என 1996-இல் எஸ்.கே. சர்மா வழக்கு சொல்கிறது. மூன்று முறை அறிவிப்பு அனுப்பி, வீட்டுக் கதவில் ஒட்டி, ஒவ்வொரு விசாரணை நாளிலும் நடந்ததை எழுதும் நாள்வழிக் குறிப்பில் பதிந்து, வராதவர் மீது ஒருதலைப்பட்சமாக முடிவெடுத்தால் அது நியாயமான விசாரணையே. பதிவுதான் அங்கே துறையைக் காக்கும்.

இதற்குப் புதுச் சட்டம் தேவையில்லை, ஆணையர் அலுவலகத்திலிருந்து ஒரு சுற்றறிக்கை போதும். அறிவிப்பின் முதல் பத்தியில், எந்தப் பிரிவின் எந்த உட்பிரிவின்படி அந்த அலுவலருக்கு இந்த அமைப்பின் மீது அதிகாரம் வருகிறது என்று எழுதச் சொல்ல வேண்டும். இந்த ஒன்றைச் செய்தாலே வரம்பு மீறிய நோட்டீஸ்களில் பாதி எழுதப்படாமலே நின்றுவிடும் என்பது என் நம்பிக்கை. நம்பியிருக்கும் ஆவணங்கள் அனைத்தும் பக்க எண்ணிட்டு அறிவிப்போடே போக வேண்டும். நாள்வழிக் குறிப்பின் நகல் அன்றன்றே இரு தரப்புக்கும் கிடைக்க வேண்டும். மாற்றலாகும் அலுவலர் உத்தரவுக்கு ஒத்திவைத்த கோப்புகளின் பட்டியலைக் கொடுத்துவிட்டுப் போக வேண்டும். உத்தரவின் கடைசிப் பக்கத்தில் அனுப்பிய தேதியும், மேல்முறையீடு யாரிடம் எத்தனை நாளுக்குள் என்பதும் அச்சிடப்பட வேண்டும். தக்கார் நியமன ஆணை ஒவ்வொன்றிலும் முடிவுத் தேதி இருக்க வேண்டும். அந்தத் தேதிக்குள் குற்றச்சாட்டு விசாரணை முடியாவிட்டால் தாமதம் யாரால் என்று காரணம் எழுதி, அறங்காவலரையும் கேட்ட பிறகே நீட்டிக்க வேண்டும்.

செய்தியாளர்களுக்கும் ஒரு வேண்டுகோள். அடுத்த முறை 'தக்கார் நியமனம்' என்று எழுதும்போது, குற்றச்சாட்டு வனையப்பட்டதா, எந்தத் தேதியில், எந்தப் பிரிவில், எத்தனை காலத்துக்கு நியமனம் என்ற நான்கு விவரங்களையும் கேட்டு வாங்கிப் போடுங்கள்.

இப்படிக்கு,
அறக்கட்டளை வழக்குகளை நடத்திவரும் வழக்கறிஞர் ஒருவர்